அரைக்கால் பங்கு... ஆனா எதில் அரைக்கால்? சொத்துக் கணக்கில் பின்னம் தப்பாகும் இடம் இதுதான்

செல்போனில் கால்குலேட்டரைத் திறங்க. 4000000 − 40000 − 360000 × 1 ÷ 8 என்று அப்படியே வரிசையாகத் தட்டுங்க. பெரும்பாலான ஸ்மார்ட்போன்களில் 39,15,000 என்று விடை வரும்.

இப்போ மளிகைக் கடை மேஜையில் கிடக்கும் சாதாரண கால்குலேட்டரை வாங்கி, அதே பொத்தான்களை அதே வரிசையில் அழுத்துங்க. 4,50,000 என்று வரும்.

ஒரே எண்கள், ஒரே குறிகள். வித்தியாசம் மட்டும் 34 லட்சத்து 65 ஆயிரம்.

இரண்டு மெஷினும் பழுதில்லை. ஒன்று "பெருக்கல், வகுத்தலை முதலில் முடி" என்ற விதிப்படி போகிறது. இன்னொன்று, கையில் வந்ததை வந்த வரிசையில் முடித்துக்கொண்டே போகிறது. ஆறாம் வகுப்பில் 'போட்மாஸ்' என்று மனப்பாடம் செய்துவிட்டு மறந்துபோன அந்த விதிதான் இங்கே விளையாடுகிறது. அது வெறும் பரீட்சைக் கணக்கு இல்லை. வீட்டில் ஒருவர் இறந்தபின் சொத்தைப் பிரிக்க உட்காரும்போது, யாருக்கு எத்தனை ரூபாய் என்பதை முடிவு செய்வதே அந்த வரிசைதான்.

லப்பைக்குடிக்காட்டிலிருந்து ஒரு கணக்கு

பெரம்பலூர் மாவட்டம் குன்னம் வட்டத்தில், வெள்ளாற்றங்கரையில் இருக்கும் பேரூராட்சி லப்பைக்குடிக்காடு. முஸ்லிம்கள் பெரும்பான்மையாக வாழும் ஊர். வெளிநாட்டுக்குப் போய் சம்பாதித்து, ஊரில் வீடு கட்டி, மனை வாங்கிப் போடுவது இங்கே பல குடும்பங்களின் கதை. சம்பாதித்தவர் காலமானால், அந்த வீடும் மனையும் பின்னங்களாகப் பிரியும். மனைவிக்கு எட்டில் ஒன்று, தாய்க்கு ஆறில் ஒன்று என்று பங்குகள் ஏற்கெனவே எண்ணாகவே வரையறுக்கப்பட்டிருக்கின்றன.

இந்தியாவில் முஸ்லிம்களின் வாரிசுரிமைக்கு ஷரீஅத் சட்டம் பொருந்தும் என்று சொல்வது 1937-ம் ஆண்டின் முஸ்லிம் தனிநபர் சட்ட அமலாக்கச் சட்டம். அதில் விவசாய நிலம் மட்டும் முதலில் விலக்கப்பட்டிருந்தது. 1949-ல் சென்னை மாகாணம் கொண்டுவந்த திருத்தம் அந்த விலக்கையும் எடுத்துவிட்டது. அதனால் தமிழ்நாட்டில் வீடு, மனை, பேங்க் பணம் மட்டுமில்லை. மக்காச்சோளமும் பருத்தியும் விளையும் காடும் இதே பின்னங்களில்தான் பிரியும்.

ஒரு கற்பனைக் குடும்பத்தை எடுத்துக்கொள்வோம். வெளிநாட்டில் வேலை பார்த்துத் திரும்பிய ஒருவர் இறந்துவிட்டார். அவருடைய தந்தை முன்பே காலமாகிவிட்டார். தாய், மனைவி, இரண்டு மகன்கள், ஒரு மகள் இருக்கிறார்கள். வீடு, மனை, சேமிப்பு எல்லாம் சேர்த்து மதிப்பு 40 லட்சம் ரூபாய். அடக்கச் செலவு 40 ஆயிரம். கடன் 3 லட்சத்து 60 ஆயிரம். இந்தக் கடனுக்குள் மனைவிக்குக் கொடுக்காமல் நிற்கும் மஹர் ஒரு லட்சமும் அடக்கம்.

பிள்ளைகள் இருப்பதால் மனைவிக்கு 1/8. தமிழில் சொன்னால் அரைக்கால்.

எதில் அரைக்கால்? கேள்வியே அதுதான். பேச்சுவாக்கில் "சொத்து நாப்பது லட்சம், அம்மாவுக்கு எட்டுல ஒண்ணு, அஞ்சு லட்சம்" என்று யாராவது சொல்லிவிடுவார்கள். கேட்க சரியாகத்தான் இருக்கும். ஆனால் சட்டம் ஒரு வரிசை வைத்திருக்கிறது. முதலில் அடக்கச் செலவு. அடுத்து கடன். அதற்கடுத்து வஸிய்யத், அதாவது உயில். கடைசியில்தான் வாரிசுகளின் பங்கு.

அப்படியென்றால் பின்னம் தொடவேண்டியது 40 லட்சத்தை இல்லை, மிச்சத்தை. அதைக் கணக்காக எழுதும்போது அடைப்புக்குறி தேவைப்படுகிறது:

(40,00,000 − 40,000 − 3,60,000) × 1/8

உள்ளே 36 லட்சம். அதில் எட்டில் ஒன்று 4,50,000. மளிகைக் கடை கால்குலேட்டர் சொன்னது இதைத்தான், ஆனால் தற்செயலாக. ஸ்மார்ட்போன் சொன்ன 39,15,000 எப்படி வந்தது? அடைப்புக்குறி இல்லாததால் அது 3,60,000-ஐ மட்டும் எட்டால் வகுத்து 45,000 ஆக்கிவிட்டு, பிறகு கழித்தது. கடனில் மட்டும் எட்டில் ஒன்று எடுத்த கணக்கு அது. போன் மேல் குற்றமில்லை. நாம்தான் கேள்வியைத் தப்பாகத் தட்டினோம்.

மஹரும் இங்கே ஒரு முக்கியமான இடம். கொடுக்காத மஹர் என்பது கணவர் மனைவிக்குப் பட்ட கடன். அது அடைப்புக்குறிக்குள் கழியவேண்டிய தொகை. "அதான் எட்டுல ஒண்ணு வருதே, மஹர் அதுலயே அடக்கம்" என்று பேசினால், அடைப்புக்குறிக்குள் நிற்கவேண்டிய ஒரு லட்சத்தை வெளியே இழுத்து, அவருடைய சொந்தப் பங்கோடு கலந்து காணாமல் அடிப்பதாக அர்த்தம். நம் கணக்கில் அந்தப் பெண் முதலில் கடன்காரராக ஒரு லட்சத்தை வாங்குகிறார். பிறகு வாரிசாகத் தனியே பங்கு வாங்குகிறார்.

போட்மாஸ் என்ன சொல்கிறது?

அடைப்புக்குறி முதலில். அடுத்து அடுக்கு. அதன்பின் வகுத்தலும் பெருக்கலும். இரண்டும் சமம், இடமிருந்து வலமாக எது முதலில் வருகிறதோ அதை முடிக்கவேண்டும். கடைசியில் கூட்டலும் கழித்தலும். இவையும் சமம், இடமிருந்து வலம். சில புத்தகங்கள் இதையே 'பிட்மாஸ்' என்கின்றன. பெயர்தான் வேறு.

இது இயற்கை விதி இல்லை, மனிதர்கள் செய்துகொண்ட ஒப்பந்தம். சாலையில் இடதுபக்கம் போவது மாதிரி. 2019-ல் 8 ÷ 2(2 + 2) என்ற கணக்கு ட்விட்டரில் உலகம் முழுக்கச் சுற்றியது ஞாபகம் இருக்கலாம். ஒரு கோஷ்டி 16 என்றது, இன்னொரு கோஷ்டி 1 என்றது. இடமிருந்து வலம் போனால் 16. எண்ணையும் அடைப்புக்குறியையும் ஒட்டி எழுதியதால் 2(2 + 2) ஒரே துண்டு என்று பார்த்தால் 1. கணக்கை அப்படி எழுதியவரே குழப்பத்துக்குப் பொறுப்பு என்பதுதான் கணித ஆசிரியர்கள் பலரும் சொன்ன பதில். ட்விட்டர் சண்டையில் யாருக்கும் நஷ்டமில்லை. பாகப்பிரிவினைப் பத்திரத்தில் அப்படி இல்லை.

உயில் வந்தால் கணக்கு எப்படி மாறும்?

நம் கற்பனைக் குடும்பத்தின் தலைவர், ஊர் மதரஸாவுக்கு நாலில் ஒரு பங்கு கொடுக்கவேண்டும் என்று வஸிய்யத் செய்திருந்தார் என்று வைத்துக்கொள்வோம். அடக்கச் செலவும் கடனும் போக மிச்சத்தில் மூன்றில் ஒரு பங்கு வரைதான் வாரிசு அல்லாதவருக்கு இப்படி எழுதலாம். அதற்கு மேல் போனால் வாரிசுகள் சம்மதிக்கவேண்டும். 1/4 என்பது 1/3-ஐவிடச் சின்னது, அதனால் இது செல்லும்.

36 லட்சத்தில் நாலில் ஒன்று 9 லட்சம். மீதி 27 லட்சம். வாரிசுகளின் பின்னங்கள் எல்லாம் இனி இந்த 27 லட்சத்தின்மேல்தான்.

மனைவிக்கு 27 லட்சத்தில் 1/8, அதாவது 3,37,500.
தாய்க்கு 27 லட்சத்தில் 1/6, அதாவது 4,50,000.
மீதி பிள்ளைகளுக்கு, மகனுக்கு இரண்டு பங்கு, மகளுக்கு ஒரு பங்கு என்ற கணக்கில். இரண்டு மகன்கள், ஒரு மகள் என்றால் மொத்தம் 5 பங்கு.

மகளின் பங்கை ஒரே வரியில் எழுதினால் இப்படி நிற்கும்:

(40,00,000 − 40,000 − 3,60,000) × (1 − 1/4) × (1 − 1/8 − 1/6) × 1/5

பார்க்கப் பயமாக இருக்கும். ஆனா ஒவ்வொரு அடைப்புக்குறிக்கும் ஒரு கதை இருக்கிறது. முதலாவது, செலவும் கடனும் போன மிச்சம். இரண்டாவது, உயில் போன மிச்சம். மூன்றாவது, பாட்டியும் அம்மாவும் எடுத்தபின் பிள்ளைகளுக்கு நிற்கும் மிச்சம். கடைசி 1/5 மகளுடையது.

படிப்படியாகப் போட்டால்: 36,00,000 × 3/4 = 27,00,000. மூன்றாவது அடைப்புக்குறிக்கு 8-க்கும் 6-க்கும் பொதுவான 24-ஐ எடுத்தால் 24/24 − 3/24 − 4/24 = 17/24. 27 லட்சத்தில் 17/24 என்பது 19,12,500. அதை ஐந்தால் வகுத்தால் மகளுக்கு 3,82,500. ஒவ்வொரு மகனுக்கும் அதைப் போல் இரண்டு மடங்கு, 7,65,000.

இதையே நிலமாக நினைத்தால் இன்னும் எளிது. 1 ஏக்கர் 20 சென்ட் என்று வையுங்க. மொத்தம் 120 சென்ட். மனைவிக்கு 15, தாய்க்கு 20, மகளுக்கு 17, மகன்களுக்கு ஆளுக்கு 34. கூட்டினால் சரியாக 120.

'அதற்கு மேல்' பிரிப்பதா, 'அதிலேயே' பிரிப்பதா?

மேலே உள்ள வரியை இன்னொரு தடவை பாருங்க. உயிலின் 1/4 தனி அடைப்புக்குறியில், பெருக்கலோடு நிற்கிறது. ஆனால் மனைவியின் 1/8-ம் தாயின் 1/6-ம் ஒரே அடைப்புக்குறிக்குள், கழித்தலோடு நிற்கின்றன. ஏன் இந்த வித்தியாசம்?

உயில் முடிந்த பிறகுதான் வாரிசுகளின் முறை வருகிறது. ஒன்றின் மிச்சத்தின்மேல் இன்னொன்று. அப்படி அடுத்தடுத்து வந்தால் பெருக்கல்.

மனைவியும் தாயும் அப்படி இல்லை. ஒருவர் எடுத்த மிச்சத்தில் மற்றவர் எடுப்பதில்லை. இருவரும் பார்ப்பது ஒரே 27 லட்சத்தைத்தான். ஒரே முழுமையிலிருந்து எடுத்தால் ஒரே அடைப்புக்குறிக்குள் கழித்தல்.

வீட்டுத் திண்ணையில் கணக்கு போடும்போது அதிகம் சறுக்குவது இங்கேதான். "அம்மாவுக்கு எட்டுல ஒண்ணு எடுத்தாச்சு. மிச்சம் இருக்கறதுல பாட்டிக்கு ஆறுல ஒண்ணு போட்ருவோம்" என்று யாராவது சொல்வார்கள். யாருக்கும் கெட்ட எண்ணம் இருக்காது. 27 லட்சத்தில் எட்டில் ஒன்று போனால் 23,62,500. அதில் ஆறில் ஒன்று 3,93,750. பாட்டிக்கு வரவேண்டியதோ 4,50,000. அந்த ஒரு 'மிச்சம்' என்ற வார்த்தையில் 56,250 ரூபாய் போய்விட்டது.

சரி, வரிசையை மாற்றி பாட்டிக்கு முதலில் கொடுத்துவிட்டு, மிச்சத்தில் மனைவிக்கு 1/8 போட்டால்? 27 லட்சத்தில் ஆறில் ஒன்று போக 22,50,000. அதில் எட்டில் ஒன்று 2,81,250. இப்போது மனைவிக்குக் குறைவது எவ்வளவு? அதே 56,250. காரணம் இருக்கிறது: 1/6 × 1/8 = 1/48. 27 லட்சத்தில் 48-ல் ஒரு பங்கு 56,250. யார் இரண்டாவதாக நின்றாலும் அந்த 1/48 அவரிடமிருந்து நழுவி, பிள்ளைகளின் பங்குக்குப் போகும். இந்தக் கணக்கில் இரண்டு முறையும் இழப்பது குடும்பத்தின் வயதான பெண்ணோ, கணவரை இழந்த பெண்ணோதான் என்பதையும் கவனிக்கவேண்டும்.

நம் பழைய பின்னச் சொற்களில் இந்த வேறுபாடு வார்த்தைக்குள்ளேயே இருக்கிறது. அரைக்கால் என்றால் அரையும் காலும் சேர்ந்தது இல்லை; காலில் அரை, அதாவது 1/2 × 1/4 = 1/8. காலே அரைக்கால் என்றால் காலோடு அரைக்கால், அதாவது 1/4 + 1/8 = 3/8. அந்த 'ஏ'தான் கூட்டல் குறி. "முக்காலே மூணு வீசம்" என்று இன்றும் பேசுகிறோமே, அது 3/4 + 3/16, அதாவது 15/16. ஒட்டி நின்றால் பெருக்கல், 'ஏ' வந்தால் கூட்டல். அந்தக் காலத்துப் பிள்ளைகள் வாய்ப்பாடாகவே இதைச் சொல்லிப் பழகினார்கள். போட்மாஸ் தேவைப்பட்டிருக்காது.

உச்ச நீதிமன்றம் வரை போன 1/4 + 1/24

இது ஷரீஅத் கணக்கில் மட்டும் வரும் சிக்கல் இல்லை. இந்து கூட்டுக்குடும்பச் சொத்தில் இதேபோன்ற ஒரு பின்னம் உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கிறது. குருபாத் கண்டப்பா மக்தும் எதிர் ஹீராபாய் கண்டப்பா மக்தும் என்ற வழக்கு. தீர்ப்பு வந்தது 1978-ல்.

கண்டப்பா 1960-ல் இறந்தார். மனைவி ஹீராபாய், இரண்டு மகன்கள், மூன்று மகள்கள். அன்றைய சட்டப்படி கணக்கு இரண்டு படி. முதல் படியில், கண்டப்பா சாவதற்குச் சற்று முன் சொத்து பாகம் ஆனதாக ஒரு கற்பனை செய்யவேண்டும். அவர்கள் பகுதியில் பொருந்திய மரபுப்படி, அப்படிப் பாகம் ஆனால் கணவர், மனைவி, இரண்டு மகன்கள் என நால்வருக்கும் ஆளுக்கு 1/4. இரண்டாவது படியில், கண்டப்பாவின் அந்த 1/4 மட்டும் அவருடைய வாரிசுகள் ஆறு பேருக்கும் சமமாகப் பிரியும்: மனைவி, இரண்டு மகன்கள், மூன்று மகள்கள். தமிழ்நாட்டில் பின்பற்றப்பட்ட மரபில் மனைவிக்கு அந்த முதல் படிப் பங்கு கிடையாது என்பது வேறு கதை.

ஹீராபாய்க்கு எவ்வளவு?

1/4 + 1/4 × 1/6

விசாரணை நீதிமன்றம் இரண்டாவது துண்டை மட்டும் எடுத்தது. 1/24 என்றது. முதல் படி வெறும் கற்பனை, அதில் வந்த 1/4-ஐ நிஜமாகக் கொடுக்கவேண்டியதில்லை என்ற வாதம் அது. உயர் நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. உச்ச நீதிமன்றமும் ஏற்கவில்லை. கற்பனை செய் என்று சட்டம் சொன்னால், அதன் விளைவு முழுவதையும் ஏற்கவேண்டும் என்பது தீர்ப்பின் சாரம். ஆகவே பெருக்கலை முதலில் முடித்து 1/24, பிறகு கூட்டி 6/24 + 1/24 = 7/24. முதலில் கிடைத்ததைப் போல் ஏழு மடங்கு.

இந்தக் கணக்கையும் இரண்டு கால்குலேட்டரிலும் போட்டுப் பாருங்க: 1 ÷ 4 + 1 ÷ 4 × 1 ÷ 6. ஸ்மார்ட்போன் 0.2916 என்று தொடங்கும் விடையைத் தரும். அதுதான் 7/24. மளிகைக் கடை கால்குலேட்டர் 0.052 என்று ஏதோ சொல்லும். முதல் கணக்கில் அது ஜெயித்தது, இங்கே தோற்றுவிட்டது. எந்த மெஷினையும் கண்ணை மூடி நம்பமுடியாது என்பதற்கு இதைவிட நல்ல ஜோடி கிடைக்காது!

நோட்டில் போடும் கோடும் போனில் போடும் சாய்கோடும்

நோட்டில் பின்னம் எழுதும்போது நடுவில் ஒரு படுக்கைக் கோடு போடுகிறோம். அந்தக் கோடு ஒரு மறைமுக அடைப்புக்குறி. மேலே இருப்பது முழுவதையும் முடி, கீழே இருப்பது முழுவதையும் முடி, பிறகு வகு என்று அது சொல்கிறது. போனில் தட்டும் சாய்கோட்டுக்கோ வகுத்தல் பொத்தானுக்கோ அந்தச் சக்தி கிடையாது.

உதாரணமாக, அரை ஏக்கரை அரைக்கால் ஏக்கர் மனைகளாகப் பிரித்தால் எத்தனை மனை? யாரைக் கேட்டாலும் நாலு என்பார்கள். கணக்காக 1/2 ÷ 1/8. போனில் அப்படியே 1 ÷ 2 ÷ 1 ÷ 8 என்று தட்டினால் 0.0625 வரும். நாலு மனை எங்கே, பதினாறில் ஒரு மனை எங்கே! இரண்டாவது பின்னத்துக்கு அடைப்புக்குறி போட்டு 1 ÷ 2 ÷ (1 ÷ 8) என்றால்தான் 4 வரும். அல்லது பள்ளியில் சொன்னபடி இரண்டாவது பின்னத்தைத் தலைகீழாக்கிப் பெருக்கவேண்டும்: 1/2 × 8 = 4.

டிஎன்பிஎஸ்சி, வங்கித் தேர்வுகளுக்குப் படிப்பவர்கள் இன்னொன்றையும் கவனிக்கணும். போட்மாஸில் வரும் 'ஓ' பல பயிற்சிப் புத்தகங்களில் 'ஆஃப்' என்று விரியும். தமிழில் 'இல்'. "1/2 ÷ 1/2-இல் 1/4" என்று வந்தால், அந்த 'இல்' இருக்கும் துண்டை முதலில் முடிப்பதுதான் இந்தத் தேர்வுகளின் வழக்கம். 1/2-இல் 1/4 என்பது 1/8. அப்போது விடை 4. அதே இடத்தில் வெறும் பெருக்கல் குறி போட்டு 1/2 ÷ 1/2 × 1/4 என்றால் இடமிருந்து வலம், விடை 1/4. பணக் கணக்கிலும் இந்த 'இல்'தான் எல்லாம். 'மிச்சத்தில் எட்டில் ஒன்று' என்பதில், முதல் 'இல்' எதைக் காட்டுகிறது என்று கேட்காமல் கணக்கைத் தொடங்கவே கூடாது.

அப்புறம் புள்ளி. 1/6-ஐ 0.17 என்று முழுமையாக்கிவிட்டுப் பெருக்கினால், தாய்க்கு 4,59,000 வரும், 9,000 கூடுதல். 0.16 என்று வெட்டினால் 4,32,000, அதாவது 18,000 குறைவு. பின்னத்தைப் பின்னமாகவே கடைசி வரை வைத்திருந்து, 27,00,000-ஐ நேராக 6-ஆல் வகுத்தால் இந்தத் தொல்லையே இல்லை.

கணக்கு சரியா என்று எப்படித் தெரிந்துகொள்வது?

எல்லாப் பங்கையும் கூட்டிப் பாருங்க. நம் கணக்கில் மனைவி 3,37,500, தாய் 4,50,000, மகள் 3,82,500, இரண்டு மகன்களும் சேர்ந்து 15,30,000. மொத்தம் 27,00,000. சரி. பின்னமாகக் கூட்டினாலும் 15/120 + 20/120 + 17/120 + 34/120 + 34/120 = 120/120.

ஆனால் ஒரு எச்சரிக்கை. 'மிச்சத்தில்' என்று தப்பாகப் போட்ட கணக்கும் கூட்டினால் சரியாக 27 லட்சம் வந்துவிடும். குறைந்த 56,250 பிள்ளைகள் பங்கில் ஒளிந்திருக்குமே தவிர, மொத்தத்தில் தெரியாது. அதனால் கூட்டிப் பார்ப்பதோடு நிறுத்தாமல், ஒவ்வொரு பின்னத்தையும் தனித்தனியாக அதே 27 லட்சத்தில் வைத்துப் பார்க்கவேண்டும். உண்மையான பத்திரம் எழுதும் முன் ஆலிமிடமும் வழக்கறிஞரிடமும் காட்டும்போது, விடையை மட்டும் காட்டாமல் அந்த ஒரு வரியை அடைப்புக்குறிகளோடு எழுதிக் காட்டினால், தப்பு எங்கே என்று உடனே தெரியும்.

ஒன்பதாம் நூற்றாண்டு பாக்தாத்தில் இருந்த கணித மேதை அல்-குவாரிஸ்மிக்கும் இந்தத் தலைவலி தெரியும். 'அல்ஜீப்ரா' என்ற சொல்லே அவர் எழுதிய நூலின் தலைப்பில் உள்ள 'அல்-ஜப்ர்' என்ற சொல்லிலிருந்து வந்தது. அந்த நூலின் பெரும்பகுதி எதைப் பற்றித் தெரியுமா? உயில், வாரிசுப் பங்கு. கடன், உயில், வாரிசு எல்லாம் ஒன்றின்மேல் ஒன்று ஏறிக்கொள்ளும் பின்னங்களைப் பிரிப்பதற்கான கணக்குகள்.

பின்னங்கள் ஒன்றைத் தாண்டிவிட்டால்?

இதுவும் நடக்கும். ஒருவர் இறக்கிறார். மனைவி, இரண்டு மகள்கள், தந்தை, தாய் இருக்கிறார்கள். மகன் இல்லை. மனைவிக்கு 1/8, இரண்டு மகள்களுக்கும் சேர்த்து 2/3, தந்தைக்கு 1/6, தாய்க்கு 1/6. பொதுவான 24-க்கு மாற்றிக் கூட்டுங்க:

3/24 + 16/24 + 4/24 + 4/24 = 27/24

ஒரு முழுச் சொத்தில் ஒன்றே அரைக்கால் பங்கு கேட்கிறார்கள். இருப்பதோ ஒன்றுதான்.

வரிசையாகக் கொடுத்துக்கொண்டே போனால் என்ன ஆகும்? அதே 27 லட்சத்தை எடுப்போம். மனைவிக்கு 3,37,500, மகள்களுக்கு 18,00,000, தந்தைக்கு 4,50,000. கடைசியில் நிற்கும் தாய்க்கு மிஞ்சுவது 1,12,500. வரவேண்டியதில் நாலில் ஒன்று. ஒரே உரிமை உள்ள தந்தைக்கும் தாய்க்கும், யாரை முதலில் கூப்பிட்டோம் என்பதற்காக மட்டும் இவ்வளவு வித்தியாசம்.

இங்கே சட்டம் வரிசையை ஒதுக்கிவிடுகிறது. மேலே உள்ள எண்களை அப்படியே வைத்துக்கொண்டு, கீழே உள்ள 24-ஐ 27 ஆக்கிவிடுகிறது. இதற்கு 'அவ்ல்' என்று பெயர். எல்லோருக்கும் ஒரே விகிதத்தில் குறையும், யாரும் தனியாக அடிபடமாட்டார்கள். மனைவியின் 3/24 இப்போது 3/27. அதாவது எட்டில் ஒன்று ஒன்பதில் ஒன்றாகிறது. கலீஃபா அலீ மிம்பரில் உரையாற்றிக்கொண்டிருந்தபோது யாரோ எழுந்து இந்தக் கணக்கைக் கேட்டதாகவும், அவர் பேச்சை நிறுத்தாமலே மனைவியின் எட்டில் ஒன்று ஒன்பதில் ஒன்றாகிவிட்டது என்று பதில் சொல்லிவிட்டுத் தொடர்ந்ததாகவும் சொல்வார்கள். அதனால் இந்தக் கணக்குக்கே 'மிம்பரிய்யா' என்று பெயர்.

27 லட்சத்தில் வைத்துப் பார்த்தால்: மனைவிக்கு 3 லட்சம், மகள்களுக்கு ஆளுக்கு 8 லட்சம், தந்தைக்கு 4 லட்சம், தாய்க்கு 4 லட்சம். இந்த முறை யாரை முதலில் கூப்பிட்டாலும் இதே தொகைதான்.